வைத்தியர் முன் அமரும் பத்து நிமிடங்கள்

கிராம, தோட்டக் கல்வி வட்டங்களுக்கான பாடம்



கிளினிக் நாளுக்காக எமது மக்கள் செய்யும் ஆயத்தங்களை நாம் பல தோட்டங்களில் பார்த்திருக்கிறோம். விடியுமுன் எழும்பி, பிள்ளைகளுக்கு ரொட்டி சுட்டு வைத்து, இருப்பதில் நல்ல சேலையை உடுத்து, முதல் பஸ்ஸைப் பிடிப்பதற்காகக் குளிரில் மலையிறங்குகிறார்கள். அன்றைய பேர் போய்விடுகிறது. பஸ்ஸுக்கும் சாப்பாட்டுக்கும் கைமாற்று வாங்க வேண்டியிருக்கிறது. வைத்தியசாலை வாங்கில் நாலைந்து மணிநேரம் காத்திருக்கிறார்கள். இவ்வளவும் எதற்காக? வைத்தியர் முன் அமரும் அந்தப் பத்து நிமிடங்களுக்காக. ஆனால் அந்தப் பத்து நிமிடங்களுக்கென்று எவரும் ஆயத்தம் செய்வதில்லை.

தடிமனுக்கும் காய்ச்சலுக்கும் இது பெரிய குறையல்ல. ஆனால் சில நோய்களில் ஒரு நாள் வருகிறது. "உங்கள் நோய் இன்னது. இதற்கு இப்படியும் சிகிச்சை செய்யலாம், அப்படியும் செய்யலாம்" என்று வைத்தியர் பேசும் நாள் அது. அன்று நாம் எதைக் கேட்கிறோம், எதை விளங்கிக்கொள்கிறோம் என்பதில் எமது உயிரே தங்கியிருக்கலாம். மண்சரிவினால் வீட்டையும் பயிர்நிலத்தையும் இழந்து, முகாமிலோ உறவினர் வீட்டிலோ தங்கியிருக்கும் குடும்பங்களுக்கு இந்த ஆயத்தம் இன்னும் அவசியமாகிறது. ஆகவே இம்முறை பாடத்தில் இதனை எடுத்துக்கொள்வோம்.

"தலைய ஆட்டிட்டு வந்துட்டேன், சாமி"

சில ஆண்டுகளுக்கு முன், மண்சரிவு அபாயத்தினால் லயத்தை விட்டு வெளியேற்றப்பட்ட குடும்பங்கள் ஒரு பாடசாலை மண்டபத்தில் தங்கியிருந்தன. அவர்களுள் நாற்பத்தேழு வயதுத் தாய் ஒருவர். கொழுந்து பறிப்பதோடு, லயத்துக்குப் பின்னால் இருந்த துண்டு நிலத்தில் கணவரோடு சேர்ந்து லீக்ஸும் கரட்டும் பயிரிட்டவர். அந்த நிலம் சரிந்துபோயிற்று. அவருடைய மார்பில் நெல்லிக்காய் அளவில் ஒரு கட்டி இருந்தது. வலி இல்லாதபடியால் அவர் அதைப் பெரிதாக எண்ணவில்லை. தோட்டத்து மருத்துவிச்சி விடாமல் வற்புறுத்தியதால் வைத்தியசாலைக்குப் போனார். ஊசி மூலம் சதைத் துணுக்கு எடுத்துப் பரிசோதித்தார்கள். முடிவைச் சொல்லவும் சிகிச்சையைப் பற்றிப் பேசவும் ஒரு திகதி கொடுத்தார்கள்.

அந்தத் திகதியில் ஏழாம் வகுப்பில் படிக்கும் மகனை அழைத்துக்கொண்டு போனார். மகனுக்குக் கொஞ்சம் சிங்களம் தெரியும். வைத்தியர் பொறுமையாகத்தான் பேசியிருக்கிறார். பையன் தாயிடம் சொன்னதோ இரண்டே வசனங்கள்: "அம்மா, வெட்டணுமாம். பொறகு கரண்ட் வைக்கணுமாம்." தாய் தலையை ஆட்டினார். அடுத்த திகதி எழுதிய துண்டை வாங்கிக்கொண்டு வந்தார். அந்தத் திகதிக்கு அவர் போகவில்லை.

பத்து வாரங்கள் கழித்தே இது எமக்குத் தெரியவந்தது. நாம் விசாரித்தபோது அவர் சொன்னது இது: "டொக்டர் என்னமோ சொன்னாரு. நான் தலைய ஆட்டிட்டு வந்துட்டேன், சாமி. கரண்ட் வச்சா உசிரோட திரும்புவேனா? சின்னவள யாரு பாப்பா?"

ஒவ்வொரு வாரமும் நாம் அந்த மண்டபத்துக்கு உலர் உணவோடு போய்க்கொண்டிருந்தோம். அரிசி கிடைத்ததா, பாய் கிடைத்ததா என்று கேட்டோம். உடம்பு எப்படி, வைத்தியர் என்ன சொன்னார் என்று ஒருநாளும் கேட்கவில்லை. எமது அந்தத் தவறிலிருந்தே இந்தப் பாடம் பிறந்தது.

நாம் ஏன் கேள்வி கேட்பதில்லை?

இதற்குக் காரணம் எமது மக்களின் அறியாமை என்று சிலர் சொல்லிவிடுவார்கள். அது நியாயமல்ல. தோட்டத்தில் வைத்தியம் என்பது நிருவாகத்தின் கையிலேயே இருந்தது. 1912ஆம் ஆண்டின் மருத்துவத் தேவைகள் கட்டளைச் சட்டம் தொழிலாளரின் வைத்திய வசதிக்குத் தோட்ட நிருவாகத்தைப் பொறுப்பாக்கியது. அதனால் நன்மையும் இருந்தது. ஆனால் மருந்து கொடுத்தவரும் வேலைக்குப் போக முடியுமா முடியாதா என்று துண்டு எழுதியவரும் ஒருவரே. அங்கே கேட்கப்பட்டது "உனக்கு என்ன தேவை?" என்ற கேள்வியல்ல, "உன்னால் வேலை செய்ய முடியுமா?" என்ற கேள்வியே. "சரிங்க ஐயா" என்று தலைமுறை தலைமுறையாகப் பழகிய நாவு, அரசாங்க வைத்தியசாலையிலும் அதையே சொல்கிறது.

இரண்டாவது காரணம் மொழி. 1956இல் சிங்களம் மட்டும் அரசகரும மொழியாக்கப்பட்டது. 1987இல் அரசியலமைப்பின் 13ஆவது திருத்தம் தமிழையும் அரசகரும மொழியாக்கியது. 1988இல் 16ஆவது திருத்தம் அரச அலுவலகங்களோடு தமிழில் தொடர்புகொள்ளும் உரிமையை விரித்துரைத்தது. 1991இல் அரசகரும மொழிகள் ஆணைக்குழுவை அமைக்கும் சட்டம் வந்தது. ஆகவே வைத்தியசாலையில் தமிழில் விளக்கம் கேட்பது சலுகை கேட்பதல்ல. அது எமது உரிமை. ஆனால் சட்டம் ஏட்டில் இருக்கையில், கிளினிக் அறையில் தமிழ் தெரிந்தவர் இல்லாத நாட்களே பல. உரிமையைக் கேட்டுக்கொண்டே, அது கிடைக்காத நாளுக்கும் ஆயத்தமாக இருக்கவேண்டியுள்ளது.

திருக்குறளில் 'மருந்து' என்றொரு அதிகாரம் உண்டு. அதன் கடைசிக் குறள் வைத்தியத்தை நான்கு பகுதிகளாக வகுக்கிறது: நோயாளி, வைத்தியர், மருந்து, அருகிலிருந்து கவனிப்பவர். இதில் முதலில் வருபவர் நோயாளி. அவர் வெறுமனே படுத்திருக்கும் உடம்பல்ல. வைத்தியத்தில் ஒரு பங்காளி. இதை மனத்தில் வைத்து மேலே செல்வோம்.

சரியான வழிகள் இரண்டு இருக்கலாம்

"டொக்டருக்குத் தெரியாதா? அவரே முடிவு செய்யட்டும்" என்று நாம் சொல்வதுண்டு. நோய் என்ன, எந்த மருந்து வேலை செய்யும் என்பவற்றை வைத்தியரே அறிவார். ஆனால் எமது வீட்டில் யார் இருக்கிறார்கள், பஸ் எத்தனை மணிக்கு வரும், எதைத் தாங்குவோம், எதைத் தாங்கமாட்டோம் என்பது எமக்குத்தான் தெரியும். சில நோய்களில் இந்த இரண்டு அறிவும் சேர்ந்தால்தான் நல்ல முடிவு பிறக்கும்.

மார்பகப் புற்றுநோயை எடுத்துக்கொள்வோம். இலங்கையில் பெண்களிடையே அதிகமாகக் காணப்படும் புற்றுநோய் இதுவே. ஆரம்ப நிலையில் கண்டுபிடிக்கப்பட்டால் பலருக்கு இரண்டு வழிகள் திறந்திருக்கின்றன. ஒன்று, மார்பு முழுவதையும் சத்திரசிகிச்சை மூலம் எடுத்துவிடுவது. மற்றது, கட்டியையும் அதைச் சுற்றியுள்ள சிறிது சதையையும் மட்டும் எடுத்து, மார்பைக் காப்பாற்றி, பின்னர் கதிர்வீச்சுச் சிகிச்சை கொடுப்பது.

முன்பெல்லாம் முழுவதையும் எடுத்தால்தான் உயிர் தப்பும் என்று வைத்தியர்களே நம்பினார்கள். இத்தாலியின் மிலான் நகரில் உம்பெர்ட்டோ வெரோனேசி 1973இல் 701 பெண்களைக்கொண்டு ஓர் ஆய்வைத் தொடங்கினார். அமெரிக்காவில் பேர்னாட் ஃபிஷர் 1976இல் 1,851 பெண்களைக்கொண்டு இன்னோர் ஆய்வைத் தொடங்கினார். இருவரும் அந்தப் பெண்களை இருபது ஆண்டுகள் கவனித்து, 2002இல் முடிவுகளை வெளியிட்டார்கள். கட்டியை மட்டும் எடுத்தவர்களில் அதே மார்பில் நோய் திரும்பத் தோன்றுவது சற்றுக் கூடுதலாக இருந்தது. ஆயினும் உயிரோடு இருந்தவர்களின் விகிதத்தில் இரு சாராருக்கும் வேறுபாடு இருக்கவில்லை.

இதன் பொருள் என்ன? இரண்டு வழிகளும் ஒரே ஊருக்குப் போகின்றன. ஆனால் பாதை வேறு. கதிர்வீச்சு என்றால் பொதுவாகத் திங்கள் முதல் வெள்ளி வரை தினமும், மூன்று முதல் ஐந்து வாரங்கள் போகவேண்டும். அதற்கான வசதி எல்லா வைத்தியசாலைகளிலும் இல்லை. எமது பகுதி நோயாளர்கள் கண்டி தேசிய வைத்தியசாலைக்கோ மகரகம அபேக்ஷா வைத்தியசாலைக்கோ அனுப்பப்படுவதுண்டு. முழுவதையும் எடுத்தால் பலருக்கு அந்த அலைச்சல் மிஞ்சும்; ஆனால் மார்பை இழக்கும் துயரம் இருக்கும். கக்கத்திலுள்ள நிணநீர்க் கட்டிகளில் நோய் பரவியிருந்தால் அதன் பின்னும் கதிர்வீச்சு தேவைப்படலாம். கட்டி பெரிதாக இருந்தாலோ, பல இடங்களில் இருந்தாலோ, வழி ஒன்றே என்று வைத்தியர் சொல்லவும் கூடும்.

மக்கள் "கரண்ட் வைப்பது" என்று சொல்லும் கதிர்வீச்சில் உடம்புக்குள் மின்சாரம் பாய்ச்சப்படுவதில்லை. எக்ஸ்ரே எடுப்பதைப்போல, இயந்திரத்தின் கீழ் சில நிமிடங்கள் அசையாமல் படுத்திருக்க வேண்டும். அந்த நேரத்தில் வலி இல்லை. நாட்கள் செல்ல அந்த இடத்தில் தோல் சிவக்கலாம், களைப்பு வரலாம். இந்த நான்கு வசனங்களை எவராவது தமிழில் சொல்லியிருந்தால் அந்தத் தாய் பத்து வாரங்களை இழந்திருக்கமாட்டார்.

இது புற்றுநோய்க்கு மட்டும் உரியதல்ல. பாரம் சுமந்து கருப்பை கீழிறங்கிய பெண்ணுக்கு வளையம் வைப்பது ஒரு வழி, சத்திரசிகிச்சை இன்னொரு வழி. சிறுநீரகம் செயலிழந்தவருக்கு இரத்தச் சுத்திகரிப்பு ஒரு வழி, மாற்றுச் சிறுநீரகம் பொருத்துவது இன்னொரு வழி. எங்கெல்லாம் வழி இரண்டு உண்டோ, அங்கெல்லாம் நாம் ஆயத்தத்தோடு போகவேண்டும்.

முதல் ஆயத்தம்: பை

2014 ஒக்டோபர் 29ஆம் திகதி கொஸ்லந்தை மீரியபெத்தவில் மலை சரிந்து லயங்களை மூடியது. 2025 நவம்பர் இறுதியில் டித்வா புயலின்போது நுவரெலியா, கண்டி, பதுளை மாவட்டங்களில் பல இடங்களில் மண் சரிந்தது. இத்தகைய அழிவுகளில் உயிர்களும் வீடுகளும் மட்டுமல்ல, கிளினிக் கொப்பிகளும் பரிசோதனை அறிக்கைகளும் போய்விடுகின்றன. கொப்பி இல்லாதவர் "எனக்கு ஒன்றுமே இல்லை" என்று கிளினிக்கையே விட்டுவிடுகிறார். அப்படி விடக்கூடாது.

நீங்கள் வார்டில் தங்கியிருந்தால், உங்களைப் பற்றிய பதிவு அந்த வைத்தியசாலையின் பதிவறையில் இருக்கும். எந்த மாதம், எந்த வார்டு, உங்கள் முழுப்பெயர், அப்போது கொடுத்த முகவரி ஆகியவற்றைச் சொல்லி விசாரிக்கலாம். சதைப் பரிசோதனையின் அறிக்கை ஆய்வுகூடத்தில் பதியப்பட்டிருக்கும். அதன் பிரதியைக் கேட்கலாம். குடித்த மாத்திரைகளின் வெற்று அட்டை கிடைத்தாலும் அதை எறியாமல் கொண்டுபோங்கள். அதில் மருந்தின் பெயர் இருக்கிறது.

கையில் கடதாசிகள் இருப்பவர்கள் இன்றே செய்யவேண்டியது ஒன்றுண்டு. எல்லாவற்றையும் திகதி வரிசைப்படி அடுக்கி, பொலித்தீன் உறையில் இட்டு, அவசரத்தில் கைக்கெட்டும் இடத்தில் தொங்கவிடுங்கள். வீட்டில் கமரா உள்ள தொலைபேசி இருந்தால் ஒவ்வொரு பக்கத்தையும் படம் பிடித்து, வெளியூரில் உள்ள பிள்ளைக்கும் அனுப்பி வையுங்கள்.

இடம்பெயர்ந்தவர்கள் தமது புதிய முகவரியையும், உடனே பேசக்கூடிய ஒருவரின் தொலைபேசி இலக்கத்தையும் கிளினிக்கில் கொடுக்கவேண்டும். லயத்து முகவரிக்கு வரும் கடிதம் தோட்ட அலுவலகத்தில் கிடந்து காலம் கடந்தே கைக்கு வருவதை நாம் அறிவோம். லயமே இல்லாதபோது அது எங்கே வரும்? தற்போது தங்கியிருக்கும் இடத்துக்கு அருகில் வேறு வைத்தியசாலை இருந்தால், அங்கே மாற்றிக் கடிதம் தர முடியுமா என்றும் கேட்கலாம்.

பையில் இன்னும் ஒன்று: உடம்பின் கதை எழுதிய ஒரு தாள். எப்போது தொடங்கியது, கூடியதா குறைந்ததா, வேறு என்ன நோய்கள் உண்டு, என்ன மருந்து குடிக்கிறீர்கள், எந்த மருந்து ஒத்துக்கொள்ளாது, குடும்பத்தில் எவருக்கு இந்நோய் இருந்தது என்பவற்றைத் தமிழிலேயே எழுதுங்கள். நாட்டு மருந்து குடித்திருந்தால் அதையும் மறைக்காமல் எழுதுங்கள். ஏசுவார்கள் என்று பயந்து மறைத்தால், இரண்டு மருந்துகள் உடம்புக்குள் மோதிக்கொள்ள இடமுண்டு.

இரண்டாம் ஆயத்தம்: துணை

பிள்ளையை மொழிபெயர்ப்பாளராகக் கொண்டுபோகாதீர்கள். பன்னிரண்டு வயதுப் பிள்ளைக்குச் சிங்களம் தெரியலாம். "நிணநீர்க் கட்டி" என்பது எந்த மொழியிலும் தெரியாது. அதைவிட, தன் தாய்க்குப் புற்றுநோய் என்பதைத் தாய்க்கே சொல்லவேண்டிய பாரத்தை ஒரு பிள்ளையின் தோளில் வைப்பது பெரும் கொடுமை. நாம் மேலே சொன்ன பையன் பாதியை விட்டுவிட்டது விளங்காததால் மட்டுமல்ல. சொல்ல நா எழாததாலும்தான்.

இரு மொழியும் தெரிந்த ஒரு பெரியவரை முன்கூட்டியே கேட்டு வையுங்கள். ஆசிரியர், முன்பள்ளி ஆசிரியை, கொழும்பில் வேலை செய்துவந்த உறவினர் எவராகவும் இருக்கலாம். பெண்களின் நோய்க்குப் பெண்ணே துணையாகப் போவது நல்லது. அவரிடம் மூன்று காரியங்களைச் சொல்லி வையுங்கள்: வைத்தியர் சொல்வது முழுவதையும் சொல்லவேண்டும், தன் கருத்தைச் சேர்க்கக்கூடாது, கெட்ட செய்தியை மறைக்கக்கூடாது. அங்கே கேட்டது அவரோடேயே இருக்கவேண்டும், பீலிக்கரைக்குப் போகக்கூடாது.

எவரும் கிடைக்காவிட்டால் கிளினிக்கில் தமிழ் தெரிந்த மிஸ்ஸியோ ஊழியரோ இருக்கிறாரா என்று காலையிலேயே விசாரியுங்கள். இதற்கு இரண்டு சிங்கள வசனங்களைப் பாடமாக்கினால் போதும். "மட்ட சிங்கள தேறென்னே நே" என்றால் எனக்குச் சிங்களம் விளங்காது. "தெமள கதா கரன கெனெக் இன்னவாத?" என்றால் தமிழ் பேசுகிறவர் யாராவது இருக்கிறாரா என்பது. இதைச் சொல்ல வெட்கம் வேண்டாம். விளங்காமல் தலையாட்டுவதே ஆபத்து.

மூன்றாம் ஆயத்தம்: கேள்விகள்

அவுஸ்திரேலியாவில் நடந்து 2011இல் வெளியான ஓர் ஆய்வில், நோயாளர் மூன்று எளிய கேள்விகளைக் கேட்டபோது வைத்தியர்கள் கூடுதலான விளக்கம் தந்தது காணப்பட்டது. எனக்கு என்னென்ன வழிகள் உண்டு? ஒவ்வொன்றிலும் உள்ள நன்மை தீமை என்ன? அவை எனக்கு நேரக்கூடிய வாய்ப்பு எவ்வளவு? இம்மூன்றையும் எமது மக்களின் நிலைமைக்கு ஏற்ப விரித்து, ஏழு கேள்விகளாகத் தருகிறோம். ஒரு தாளில் பெரிய எழுத்தில் எழுதிக்கொள்ளுங்கள்.

1. எனக்கு வந்திருக்கும் நோயின் பெயர் என்ன? அது எந்த நிலையில் இருக்கிறது?

2. இதற்கு என்னென்ன வழிகள் உண்டு? ஒன்றும் செய்யாமல் விட்டால் என்ன ஆகும்?

3. ஒவ்வொரு வழியிலும் என்ன நன்மை, என்ன கஷ்டம்? என்னைப் போன்ற நூறு பேரில் எத்தனை பேருக்கு அது நேரும்?

4. எத்தனை நாள் வார்டில் இருக்கவேண்டும்? எத்தனை தடவை வரவேண்டும்? எங்கே? தூரத்திலிருந்து வருபவருக்குத் தங்க இடம் உண்டா?

5. எப்போது மறுபடி கொழுந்துக் கூடை சுமக்கலாம், மண்வெட்டி பிடிக்கலாம்?

6. இதில் வெளியில் காசு கொடுத்து வாங்கவேண்டிய மருந்தோ பரிசோதனையோ உண்டா?

7. முடிவு சொல்ல எனக்கு எத்தனை நாள் தரலாம்?

அரசாங்க வைத்தியசாலையில் சிகிச்சை இலவசமே. ஆனால் மருந்துத் தட்டுப்பாடு ஏற்படும்போது வெளியில் வாங்கும்படி எழுதிக்கொடுப்பதுண்டு. 2022இன் பொருளாதார நெருக்கடியில் அதைக் கண்டோம். பெரிய செலவு வருமென்றால் ஜனாதிபதி நிதியத்திடம் உதவி கேட்கலாம். பிரதேச செயலகத்தின் ஊடாகவும் விண்ணப்பிக்கும் ஏற்பாடு 2025இல் தொடங்கப்பட்டது. சத்திரசிகிச்சைக்கு முன்னரே இதை விசாரிப்பது நல்லது.

நேரம் குறைவு என்பதை நாம் அறிவோம். வெளியே நூறு பேர் காத்திருக்கையில் வைத்தியர் அவசரப்படுவார். ஆகவே மிக முக்கியமான மூன்று கேள்விகளுக்கு அடியில் கோடிட்டு, அவற்றை முதலில் கேளுங்கள். மற்றவற்றை மிஸ்ஸியிடமும் கேட்கலாம்.

அறைக்குள்ளே செய்யவேண்டியவை

வைத்தியர் சொல்லி முடித்ததும், விளங்கியதை உங்கள் வாயால் திருப்பிச் சொல்லுங்கள். "டொக்டர், நான் விளங்கிக்கொண்டது சரியா? முதல் வழியில் இப்படி, இரண்டாவது வழியில் இப்படி." பிழை இருந்தால் அவர் அங்கேயே திருத்துவார். தலையாட்டலில் அவர் எதையும் கண்டுபிடிக்க முடியாது. சொற்கள் விளங்காவிட்டால் படம் வரைந்து காட்டும்படி கேளுங்கள். துணைக்கு வந்தவர் திகதியையும் மருந்தின் பெயரையும் எழுதிக்கொள்ளட்டும்.

கையொப்பம் கேட்டால், அது எதற்கு என்று கேட்டபின் இடுங்கள். சம்மதப் படிவம் என்பது "எனக்கு விளக்கிச் சொன்னார்கள், நான் ஒத்துக்கொள்கிறேன்" என்ற சாட்சி. விளக்காததற்குச் சாட்சி சொல்லக்கூடாது. கைநாட்டு வைப்பவருக்கும் இதே உரிமை உண்டு.

உயிராபத்தான அவசரத்தில் யோசிக்க நேரமிருக்காது. அங்கே வைத்தியர் சொல்வதை உடனே செய்யவேண்டும். மற்றபடி வீட்டுக்குப் போய்ப் பேசிவிட்டு வருகிறேன் என்று சொல்வது தவறல்ல. ஆனால் திரும்பிவரும் திகதியை வாங்கிக்கொண்டே போங்கள். சில நாட்கள் யோசிப்பதால் பெரிய கேடில்லை. மாதக்கணக்கில் விட்டால் நோய் காத்திருக்காது. நேர்த்தி வைப்பவர்கள் வைக்கட்டும்; அது கிளினிக் திகதியைத் தள்ளிப்போடாதிருக்கட்டும். வீட்டில் பேசும்போது கணவர், மாமியார், அண்ணன் எல்லாரும் பேசுவார்கள். கடைசிச் சொல் யாருடைய உடம்போ அவருடையதாக இருக்கவேண்டும்.

அந்தத் தாய் திரும்பிப் போனார்

பத்து வாரங்களின் பின், முன்பள்ளி ஆசிரியை ஒருவரின் துணையோடு அந்தத் தாய் மறுபடி கிளினிக்குக்குப் போனார். கையில் நான்கு கேள்விகள் எழுதிய தாள். அவர் வராதிருந்ததற்காக வைத்தியர் முதலில் கோபித்தார். பிறகு அந்தத் தாளைப் பார்த்து, கதிரையை அருகில் இழுத்துப்போட்டு, படம் வரைந்து காட்டினார். முழுவதையும் எடுக்காமல் கட்டியை மட்டும் எடுக்கும் வழியும் தனக்கு உண்டு என்பதை அன்றுதான் அந்தத் தாய் கேள்விப்பட்டார்.

ஆயினும் முழுவதையும் எடுக்கும் வழியையே அவர் தெரிவு செய்தார். கண்டியில் வாரக்கணக்கில் தங்கினால், மண்டபத்தில் அந்நியர் நடுவே பத்து வயது மகளை யாரிடம் விடுவது என்பதே அவருடைய கணக்கு. பின்னர் கதிர்வீச்சும் தேவைப்படலாம் என்று வைத்தியர் சொன்னதையும் கேட்டுக்கொண்டே சம்மதித்தார். அதே காலத்தில் வேறொரு தோட்டத்து இளம் தாய் கட்டியை மட்டும் எடுத்துவிட்டு, கண்டியில் சித்தி வீட்டில் தங்கிக் கதிர்வீச்சு எடுத்தார். இருவரில் யார் சரி என்று எம்மிடம் கேட்டால், இருவரும் சரி என்போம்.

மாத்திரை ஐந்து வருடம் குடிக்கவேண்டும் என்று அந்தத் தாய்க்குச் சொல்லியிருக்கிறார்கள். குடித்துவருகிறார். அந்தப் பத்து வாரத் தாமதம் நோயைக் கூட்டியதா என்பதை எவராலும் சொல்ல முடியாது. அந்த வாரங்களை எவராலும் திருப்பித்தரவும் முடியாது. சத்திரசிகிச்சைக்குப் பின் நாம் வார்டில் பார்த்தபோது அவர் சொன்னார்: "இந்த வாட்டி தலைய ஆட்டல, சாமி. நானே வாயத் தொறந்து சரின்னேன்."

கல்வி வட்டத்தில் கலந்துரையாட

1. நமது குழுவில் இப்போது கிளினிக் போகிறவர்கள் யார்? அவர்களுடைய கொப்பியும் அறிக்கைகளும் எங்கே இருக்கின்றன? இழந்தவர்கள் யார்? அவர்களுக்காகப் பதிவறைக்குப் போய் விசாரிக்கக்கூடியவர் யார்?

2. இரு மொழியும் தெரிந்து, இரகசியம் காத்து, துணைக்கு வரக்கூடிய மூவரின் பெயரை எழுதுங்கள். அவர்களுடைய பஸ் செலவையும் அன்றைய பேரையும் குழு எப்படி ஈடுசெய்யலாம்?

3. ஒருவர் வைத்தியராகவும், ஒருவர் நோயாளியாகவும், ஒருவர் மொழிபெயர்ப்பாளராகவும் நடியுங்கள். வைத்தியர் ஐந்து வசனங்கள் சிங்களத்தில் பேசட்டும். நோயாளியிடம் எத்தனை வசனங்கள் வந்து சேர்ந்தன என்று மற்றவர்கள் எண்ணிப் பாருங்கள்.

4. முப்பத்தைந்து வயதைக் கடந்த எமது சகோதரிகளில் எத்தனை பேர் சுகாதார வைத்திய அதிகாரி பணிமனையின் சுவநாரி கிளினிக்குக்குப் போயிருக்கிறார்கள்? போகாதவர்கள் ஒன்றாகப் போவதற்கு ஒரு நாளைக் குறியுங்கள். நாளைக் குறிக்காமல் கூட்டத்தை முடிக்கவேண்டாம்.